சுவர்களில்லாத அறை: வாசகர் கேள்வி–பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே படத்தைப் பற்றியவை. டென்மார்க் இயக்குநர் யோர்கன் லெத் 1967இல் எடுத்த ‘தி பெர்ஃபெக்ட் ஹியூமன்’ என்ற 13 நிமிடக் கறுப்பு வெள்ளைக் குறும்படம் அது. இணையத்தில் ஆங்கில வர்ணனையோடு கிடைப்பதால் பலர் பார்த்திருக்கிறார்கள். பார்த்தவர்களில் பாதிப்பேர் எரிச்சலோடும் மீதிப்பேர் மயக்கத்தோடும் எழுதியிருக்கிறார்கள். எனவே இம்முறை பகுதி முழுவதையும் அந்தப் படத்துக்கும் அதைச் சார்ந்தவற்றுக்கும் ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: படத்தை இரண்டு முறை பார்த்துவிட்டேன். வெறும் வெள்ளை வெளியில் ஓர் ஆண் நடக்கிறார், புகைபிடிக்கிறார், ஆடுகிறார், விழுகிறார், சாப்பிடுகிறார். ஒரு பெண் படுக்கையில் சாய்கிறார். ஒரு குரல் இவற்றை விவரித்துக்கொண்டே போகிறது. கதை இல்லை. ஆனாலும் முடிந்த பிறகு இனம்புரியாத ஒரு கலக்கம் மனத்தில் தங்கிவிடுகிறது. இதில் புரிந்துகொள்ள என்னதான் இருக்கிறது?
– ஒரு வாசகர், மதுரை

பதில்: உங்களுடைய கடைசிக் கேள்வியைக் காட்டிலும், அதற்கு முன்னால் நீங்கள் குறிப்பிட்டிருக்கும் அந்தக் கலக்கத்திலிருந்து தொடங்குவதே நல்லது என்று நினைக்கிறேன். அந்தக் கலக்கம் எங்கிருந்து வருகிறது என்று தேடினால் படத்தின் மையத்துக்கு வந்துவிடலாம்.

முதலில் குரலைக் கவனியுங்கள். அது இயக்குநர் லெத்தின் சொந்தக் குரல். ஏற்ற இறக்கம் இல்லாமல், ஆய்வுக்கூடத்தில் குறிப்பேட்டைப் படிப்பவரைப் போல, முழுமையான மனிதர் எப்படி இயங்குகிறார் என்பதைக் காட்டப்போவதாக அது தொடக்கத்திலேயே வாக்களிக்கிறது. பிறகு காது, முழங்கால், பாதம், கண், வாய் என்று உறுப்புகளை ஒவ்வொன்றாகச் சுட்டிக்காட்டுகிறது. இவர் எப்படி விழுகிறார் என்று கேட்டுவிட்டு, இப்படித்தான் விழுகிறார் என்று தானே பதில் சொல்கிறது. இவையெல்லாம் எளிய கேள்விகள். கண் முன்னால் நடப்பதையே பதிலாகக் காட்டிவிடலாம். ஆனால் அதே தொனியில், எவ்வித முன்னறிவிப்பும் இல்லாமல், இவர் ஏன் இப்படி அசைகிறார், என்ன நினைக்கிறார் என்றும் அந்தக் குரல் கேட்கிறது. அந்தக் கேள்விகளுக்குப் பதில் வருவதில்லை. குரலோ பதில் சொல்லிவிட்டதைப் போன்ற அதே உறுதியோடு அடுத்த காட்சிக்குப் போய்விடுகிறது. அறிந்தவரைப் போன்ற தொனிக்கும் அறிய முடியாத பொருளுக்கும் இடையே இப்படி ஓர் இடைவெளி திறக்கிறது. 13 நிமிடம் முழுவதும் நாம் அந்த இடைவெளியில்தான் நிறுத்திவைக்கப்படுகிறோம்.

இந்த முறையை லெத் எங்கிருந்து எடுத்தார் என்பதும் தெரிந்ததே. முதல் உலகப் போர்க் காலத்தில் பசிபிக் கடலிலுள்ள டிரோப்ரியண்ட் தீவுகளில் தங்கி, அம்மக்களின் அன்றாட வாழ்வைக் கவனித்து எழுதிய மானிடவியலாளர் மலினோவ்ஸ்கியின்மேல் தனக்கிருந்த ஈர்ப்பை லெத் பலமுறை சொல்லியிருக்கிறார். தொலைதூரத் தீவுவாசிகளைப் பார்ப்பதற்கென்று ஐரோப்பா உருவாக்கிக்கொண்ட அந்தக் கண்ணை, லெத் தன் நகரத்தின் நாகரிக மனிதர் பக்கமே திருப்பிவிட்டார். அப்படித் திருப்பியதும், சவரம் செய்வது, நகம் வெட்டுவது, கழுத்துப்பட்டி கட்டுவது ஆகிய யாவும் பொருள் விளங்காத சடங்குகளாக மாறிவிடுகின்றன. இதில் கேலி இருக்கிறது. ஆனால் கேலி மட்டும் இருந்திருந்தால் படம் ஒருமுறை பார்த்ததோடு தீர்ந்துபோயிருக்கும்.

அது தீராமல் இருப்பதற்குக் காரணம், ஆராயப்படுகிறவர் தாமும் பேசிவிடுவதுதான். தனியாக மேசையில் அமர்ந்து சால்மன் மீனையும் உருளைக்கிழங்கையும் சாஸோடு உண்ணுகிற அந்த ஆண், அதிர்ஷ்டம் ஏன் இவ்வளவு நிலையற்றது, மகிழ்ச்சி ஏன் இவ்வளவு விரைவில் முடிந்துவிடுகிறது என்ற பொருள்பட முணுமுணுக்கிறார். இன்னோரிடத்தில், இன்று தனக்கு நேர்ந்த ஒன்றைச் சில நாட்களில் புரிந்துகொள்ளலாம் என்று நம்புவதாகச் சொல்கிறார். நேர்ந்தது என்ன என்பதை அவர் சொல்லவில்லை, படமும் கேட்கவில்லை. இயக்கத்தை விளக்க வந்த குரலுக்குப் பின்னால், விளக்கம் கிடைக்காமல் ஒருவர் காத்திருக்கிறார் என்பது அந்த ஒரு வாக்கியத்தில் வெளிப்பட்டுவிடுகிறது. உங்களுடைய கலக்கம் அந்த மனிதருடையதும்தான் என்பது என் கருத்து. இதற்குமேல் ஒளித்துவைக்கப்பட்ட பொருள் ஒன்றைத் தேடி மூன்றாம் முறை பார்க்க வேண்டியதில்லை, பிடித்திருந்தால் பாருங்கள்.

கேள்வி: நான் காட்சித் தொடர்பியல் படிக்கும் மாணவி. இந்தப் படத்தைப் பார்த்துவிட்டு நாங்களும் வெள்ளைத் துணி கட்டி ஒரு குறும்படம் எடுத்தோம். அது பாஸ்போர்ட் படம் எடுக்கும் ஸ்டூடியோவைப் போலவே தெரிகிறது. அந்த எல்லையற்ற வெளி எப்படி வருகிறது?
– ஒரு வாசகி, கோயம்புத்தூர்

பதில்: தொழில்நுட்பக் காரணத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். வெள்ளைப் பின்னணி எல்லையற்றதாகத் தெரிய வேண்டுமானால், சுவரும் தரையும் சந்திக்கும் கோடு கண்ணுக்குத் தெரியக்கூடாது. அதற்காகத்தான் பெரிய படப்பிடிப்புத் தளங்களில் அந்த மூலையை வளைவாகப் பூசி வெள்ளையடித்து வைத்திருப்பார்கள். துணியைப் பயன்படுத்துகிறவர்கள் அதைத் தரைவரை மடிப்பில்லாமல் வளைத்து இறக்கி, நடிகர் நிற்கும் இடத்தையும் தாண்டி முன்னால் கொண்டுவர வேண்டும். பின்னணிக்கும் நடிகருக்கும் தனித்தனி விளக்குகள் வேண்டும். பின்னணி நடிகரைவிட ஒன்றிரண்டு ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் இரு மடங்கு ஒளி) கூடுதலாக ஒளிபெற்றிருக்க வேண்டும். அதற்கும் மேலே போனால் பின்னணி ஒளி உருவத்தின் விளிம்புகளைத் தின்றுவிடும். நடிகரைப் பின்னணியிலிருந்து சில மீட்டர் தள்ளி நிறுத்தாவிட்டால் அவருடைய நிழல் சுவரில் விழுந்து, அங்கே சுவர் இருக்கிறது என்பதைக் காட்டிக்கொடுத்துவிடும். உங்கள் படம் ஸ்டூடியோவைப் போலத் தெரிவதற்குப் பெரும்பாலும் இந்தக் கடைசித் தவறே காரணமாக இருக்கும்.

ஆனால் இவற்றையெல்லாம் சரிசெய்துவிட்டாலும் உங்களுக்கு விளம்பரப் படத்தின் வெள்ளைதான் கிடைக்குமே தவிர, லெத்தின் வெள்ளை கிடைக்காது. அவருடைய படத்தில் ஒளிப்பதிவு செய்தவர் ஹென்னிங் காம்ரே. பிற்காலத்தில் டென்மார்க்கின் தேசியத் திரைப்படப் பள்ளியையும், அதன்பின் டேனிஷ் திரைப்படக் கழகத்தையும் தலைமையேற்று நடத்தியவர். அவருடைய கேமரா இந்தப் படத்தில் இரண்டு தூரங்களையே விரும்புகிறது. ஒன்று, ஆடையில் கறுப்பும் சூழலில் வெளுப்பும் மோதும்படி முழு உருவத்தையும் வெளியின் நடுவே சிறிதாக வைக்கும் தூரம். மற்றொன்று, தோலின் நுண்துளைகள் தெரியும் அளவுக்கு நெருங்கிய அண்மைக் காட்சி. நாம் அன்றாடம் இன்னொருவரோடு பேசும் அந்த நடுத்தரத் தூரம் அரிதாகவே வருகிறது. ஒன்று மிக விலகியிருக்கிறோம், அல்லது அநாகரிகமாக நெருங்கிவிடுகிறோம். வெள்ளைத் துணியைவிட இந்தத் தூரத் தேர்வே அந்தச் சூழலை உண்டாக்குகிறது என்பேன்.

அடுத்தது நேரம். ஒரு செயல் முடியும்வரை காத்திருக்கும் பொறுமை அந்தக் கேமராவுக்கு இருக்கிறது. நீங்கள் அனுப்பிய காட்சித் துணுக்கில் நான்கு நொடிக்கு ஒரு வெட்டு இருக்கிறது. பார்ப்பவர் வெள்ளையை உணர்வதற்குள் நீங்கள் அடுத்த கோணத்துக்குத் தாவிவிடுகிறீர்கள். பொருட்களிலும் சிக்கனம் தேவை. ஒரு மேசை, ஒரு கட்டில், ஒரு புகைக்குழாய் என்று ஒவ்வொன்றாக வரும்போதுதான், இந்த உலகத்தில் இதற்குமுன் மேசை என்ற ஒன்று இருந்ததில்லை என்ற எண்ணம் தோன்றும். உங்கள் படத்தில் பூச்சாடியும் நாற்காலியும் கடிகாரமும் முதல் காட்சியிலேயே வந்துவிட்டன. கடிகாரத்தை நிச்சயமாக எடுத்துவிடுங்கள். நேரம் தெரியாத இடத்தைக் காட்ட விரும்பும் படத்தில் அதற்கு வேலையில்லை.

இசையைப் பற்றியும் கேட்டிருக்கிறீர்கள். இசையமைத்தவர் ஹென்னிங் கிறிஸ்டியன்சன். ஃப்ளக்ஸஸ் கலை இயக்கத்தோடு தொடர்புடையவர், ஜெர்மானியக் கலைஞர் யோசெஃப் பாய்ஸோடு இணைந்து நிகழ்வுகளை நடத்தியவர். இப்படிப்பட்டவரிடம் பணியை ஒப்படைத்தபோதே, உணர்ச்சியைத் தூண்டும் பின்னணி இசை தனக்கு வேண்டாம் என்பதை லெத் முடிவுசெய்திருக்க வேண்டும்.

கேள்வி: இளமை, அழகு, வெள்ளைத் தோல், வசதி ஆகியவற்றைக் கொண்ட இருவரைக் காட்டி ‘முழுமையான மனிதர்’ என்று பெயர் சூட்டுவது ஆணவம் இல்லையா? இதைக் கலையென்று கொண்டாடுவது எனக்கு ஏற்புடையதாக இல்லை.
– ஒரு வாசகர், சேலம்

பதில்: அந்தப் பெயரைப் படம் நம்புகிறதா என்பதே கேள்வி. நம்பவில்லை என்று நான் கருதுகிறேன். அந்த இருவராக நடித்த கிளவுஸ் நிஸ்ஸனும் மைக்கன் ஆல்கிரனும் 1960களின் விளம்பரப் பக்கங்களிலிருந்து இறங்கி வந்தவர்களைப் போலத்தான் இருக்கிறார்கள்; அது தற்செயலானதல்ல. நலத்திட்ட அரசும் புதிய செல்வமும் சேர்ந்து, வாழ்க்கையின் எல்லாச் சிக்கல்களையும் தீர்த்துவிடலாம் என்ற நம்பிக்கையை டென்மார்க்கின் நடுத்தர வர்க்கத்துக்குக் கொடுத்திருந்த காலம் அது. அந்த நம்பிக்கை விற்றுக்கொண்டிருந்த உருவங்களை லெத் அப்படியே எடுத்து, அவற்றைச் சுற்றியிருந்த வீடு, கார், குழந்தைகள், பூந்தோட்டம் ஆகிய அனைத்தையும் அகற்றிவிட்டார். மிச்சமிருப்பது நன்றாக உடுத்திய, நன்றாக உண்கிற, எங்கே இருக்கிறோம் என்று தெரியாத ஒருவர். அவரைப் பார்த்துப் பொறாமைப்பட யாருக்கும் தோன்றாது.

ஆயினும் உங்கள் மறுப்பில் நியாயமான ஒரு பகுதி உண்டு. அதை நான் தள்ளிவிடவில்லை. அந்தப் பெண்ணை அந்தக் குரல் நடத்தும் விதம், ஆணை நடத்தும் விதத்திலிருந்து வேறுபட்டது. ஆண் பேசுகிறார், சந்தேகப்படுகிறார், தனியாக உண்கிறார். பெண் பெரும்பாலும் பார்க்கப்படுவதற்காகவே இருக்கிறார். விளம்பரத்தைக் கேலிசெய்யும் படம், விளம்பரம் பெண்ணைப் பார்க்கும் விதத்தை மட்டும் கேலிசெய்யாமல் இரவல் வாங்கிக்கொண்டது. படத்தின் புகழ் இந்தக் குறையை மறைத்துவிடக்கூடாது.

கேள்வி: லெத் இதே படத்தை மும்பையின் சிவப்பு விளக்குப் பகுதியில் மறுபடி எடுத்தார் என்று படித்து அதிர்ந்தேன். ஏழைகளின் நடுவே அமர்ந்து விருந்து உண்ணும் காட்சியாமே? இது உண்மையா? எந்தச் சூழ்நிலையில் எடுக்கப்பட்டது?
– ஒரு வாசகி, சென்னை

பதில்: உண்மைதான். டேனிஷ் இயக்குநர் லார்ஸ் வான் ட்ரியரும் லெத்தும் இணைந்து உருவாக்கி 2003இல் வெளியான ‘தி ஃபைவ் அப்ஸ்ட்ரக்ஷன்ஸ்’ என்ற முழுநீளப் படத்தில் அது இடம்பெறுகிறது. தன்னைவிடச் சுமார் 20 வயது மூத்தவரான லெத்தின் அந்தப் பழைய குறும்படத்தின்மேல் வான் ட்ரியருக்குத் தீராத காதல். அதே படத்தை ஐந்து முறை மறுபடி எடுக்க வேண்டும், ஒவ்வொரு முறையும் தடைகளைத் தான் விதிப்பேன் என்று அவர் லெத்தை அழைத்தார். முதல் தடையே எவ்வளவு கூர்மையானது பாருங்கள். எந்த ஷாட்டும் 12 சட்டகங்களைத் தாண்டக்கூடாது, அதாவது அரை நொடிதான், படப்பிடிப்புக் கியூபாவில் நடக்க வேண்டும், தளம் அமைக்கக்கூடாது, பழைய படத்தில் குரல் கேட்டுவிட்டுப் போன கேள்விகளுக்கெல்லாம் இப்போது பதில் சொல்ல வேண்டும். நீண்ட காட்சி, வெற்று வெளி, விடையில்லாத கேள்வி என்று அந்தப் படத்தின் உயிர்நிலைகள் எவையோ, அவற்றையே வான் ட்ரியர் தேடிப்பிடித்துத் தடுத்திருக்கிறார். ஒரு படத்தை இதைவிடச் சரியாக விமர்சித்த கட்டுரை எதையும் நான் படித்ததில்லை. லெத்தோ அந்த அரை நொடித் துண்டுகளைக் கொண்டே துள்ளலான ஒரு படத்தோடு திரும்பி வந்து, தடையைப் பரிசாக மாற்றிவிட்டார்.

இரண்டாம் தடை வேறு வகையானது. உலகத்திலேயே துயரம் மிகுந்ததாக நீ கருதும் இடத்துக்குப் போ. அங்கே அந்த உணவுக் காட்சியை எடு. அந்த ஆணாக நீயே நடி. ஆனால் அந்த இடத்தையும் மக்களையும் காட்டாதே என்றார் வான் ட்ரியர். துயரத்தின் அருகில் நின்றால், எப்போதும் விலகி நின்று கவனிக்கும் இந்தக் கலைஞரிடம் ஏதாவது அசையுமா என்று பார்ப்பதே அவருடைய நோக்கம். லெத் மும்பையின் ஃபாக்லண்ட் சாலையைத் தேர்ந்தெடுத்தார். தெருவில் மேசை போட்டு, மாலைநேர விருந்துக்குரிய உடையில் அமர்ந்து மீன் உணவை உண்டார். தன் பின்னால் ஒளி ஊடுருவும் திரை ஒன்றைக் கட்டினார். அதன் பின்னே அந்தப் பகுதியின் பெண்களும் குழந்தைகளும் நின்று பார்த்துக்கொண்டிருந்தது கேமராவில் பதிந்தது. விதியை மீறிவிட்டாய் என்று வான் ட்ரியர் குற்றஞ்சாட்டினார். மும்பைக்கே திரும்பிப் போ, இல்லையேல் எந்தத் தடையும் இல்லாமல் ஒரு படம் எடு என்பதே தண்டனை. லெத் பிந்தையதைத் தேர்ந்தெடுத்து பிரஸ்ஸல்ஸ் நகருக்குப் போனார்; அதுவே மூன்றாவது படம்.

உங்கள் அதிர்ச்சி நியாயமானது. திரைக்குப் பின்னால் நிற்பவர்களுக்குப் பெயரில்லை, பேச்சில்லை; இரண்டு டேனிஷ் கலைஞர்களுக்கு இடையே நடக்கும் ஓர் ஆட்டத்தில் அவர்கள் காய்களாகிவிட்டார்கள். அவர்களிடம் யாரும் எதையும் கேட்டதாகப் படத்தில் இல்லை. இந்தக் குற்றச்சாட்டிலிருந்து படத்தை விடுவிக்க எனக்கு விருப்பமில்லை.

இதோடு இன்னொன்றையும் பார்க்க வேண்டியிருக்கிறது. 1967இன் படத்தில் முழுமையான மனிதரை நம்மைத் தவிர யாரும் பார்க்கவில்லை. அந்த வெள்ளை வெளியில் அண்டை அயலார் இல்லை, பசித்தவர் இல்லை, சாட்சிகள் இல்லை. மும்பைக் காட்சியில் அந்த வெள்ளைச் சுவர் இருக்குமிடத்தில் மனித முகங்கள் இருக்கின்றன. அவை உண்பவரைப் பார்க்கின்றன. அவர் நேர்த்தியாகவே உண்டு முடிக்கிறார், ஆனால் பழைய படத்தில் நமக்குச் சிரிப்பூட்டிய அந்த நேர்த்தி இங்கே தாங்க முடியாததாகிவிடுகிறது. முழுமையான மனிதர் தன் அறையில் எவரையெல்லாம் விட்டுவிட்டிருந்தார் என்பதை, விதியை மீறி வைத்த அந்த ஒரு திரை காட்டிவிட்டது. லெத் இதை எண்ணிச் செய்தாரா என்பது வேறு விஷயம். மக்களை முற்றாக மறைத்து விதியைக் காப்பாற்றியிருந்தால் குற்றம் இன்னும் பெரிதாக இருந்திருக்கும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

மீதியைச் சுருக்கமாகச் சொல்கிறேன். நான்காவது தடை, இருவருமே வெறுக்கும் கார்ட்டூன் வடிவில் எடுக்க வேண்டும் என்பது; அமெரிக்காவின் ஆஸ்டின் நகரத்து அனிமேஷன் கலைஞர் பாப் சாபிஸ்டனின் துணையோடு லெத் அதையும் அழகாக முடித்துவிட்டார். ஐந்தாவதை வான் ட்ரியரே எடுத்து, அதற்கு இயக்குநர் என்று லெத்தின் பெயரைப் போட்டு, தான் எழுதிய உரையை லெத்தின் குரலில் படிக்கவைத்தார். பிறரைக் கவனித்தே பழகிய குரல் கடைசியில் தன்னைப் பற்றி இன்னொருவர் எழுதியதைப் படிக்க நேர்ந்தது.

கேள்வி: வசூலுக்கு வழியே இல்லாத இப்படிப்பட்ட படங்களுக்கு டென்மார்க்கில் யார் பணம் கொடுக்கிறார்கள்?
– ஒரு வாசகர், புதுச்சேரி

பதில்: குறும்படம் பொதுநலன் சார்ந்தது என்ற எண்ணம் அங்கே அரசுக்கு வெகுகாலமாக உண்டு. டான்ஸ்க் குல்டுர்ஃபிலிம் என்ற அமைப்பு 1932இலேயே தொடங்கப்பட்டது; அமைச்சகங்களுக்கான படக்குழு 1941இல் வந்தது. பள்ளிகள், நூலகங்கள், சங்கங்கள் ஆகியவற்றுக்குக் குறும்படச் சுருள்களை இரவல் கொடுப்பதற்கென்றே அரசின் படமையம் ஒன்றும் இயங்கிவந்தது. திரையரங்குக்குப் போகாமலேயே ஒரு குறும்படம் பார்வையாளரைச் சென்றடைய இவ்வாறு வழி இருந்தது. 1964இன் திரைப்படச் சட்டம் சினிமாவைக் கலையாக ஏற்று நிதி வழங்க வகைசெய்தது. 1966இல் திரைப்படப் பள்ளியும் 1972இல் திரைப்படக் கழகமும் தோன்றின. லெத்தின் படம் இந்த மாற்றங்களின் நடுவே பிறந்தது.

லெத் திரைப்படப் பள்ளியில் படித்தவரல்ல என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அவர் கவிஞர், நாளிதழ்களில் ஜாஸ் இசையைப் பற்றி எழுதிவந்தவர். முதல் படமே கோபன்ஹேகனில் சில காலம் தங்கியிருந்த அமெரிக்க ஜாஸ் பியானோக் கலைஞர் பட் பாவெலைப் பற்றியது. பின்னாளில் பாரிஸ்–ரூபே சைக்கிள் பந்தயத்தைப் பற்றி 1976இல் அவர் எடுத்த ஆவணப்படம் விளையாட்டு ரசிகர்களிடையே பெரும்புகழ் பெற்றது. டூர் டி பிரான்ஸ் பந்தயத்தைத் தொலைக்காட்சியில் பல ஆண்டுகள் வர்ணித்தவரும் அவரே. வெள்ளை அறையில் ஒருவர் எப்படி விழுகிறார் என்று விவரித்த அதே குரலை, மலைச்சரிவில் சைக்கிளோட்டிகள் விழுவதை விவரிப்பதற்காகக் கேட்டுப் பழகியவர்கள்தான் டென்மார்க்கில் அதிகம்.

கேள்வி: இதே அளவு சூழல் அடர்ந்த வேறு டேனிஷ் குறும்படம் ஏதாவது சொல்ல முடியுமா? கொஞ்சமாவது கதை இருந்தால் நல்லது.
– ஒரு வாசகர், தஞ்சாவூர்

பதில்: கார்ல் டிரெயர் 1948இல் எடுத்த ‘தே காட் த ஃபெர்ரி’ படத்தைத் தயங்காமல் சொல்வேன். இதற்கும் அரசுதான் பணம் கொடுத்தது. நோக்கம் சாலைப் பாதுகாப்புப் பிரசாரம். அதிவேகம் ஆபத்தானது என்று சொல்வதற்காக எடுக்கப்பட்ட சுமார் 12 நிமிடப் படம், மரணத்தைப் பற்றிய ஒரு தொன்மக் கதையாக மாறிவிட்டது. நோபல் பரிசு பெற்ற டேனிஷ் எழுத்தாளர் யோஹான்னஸ் வி. யென்சனின் கதை அதற்கு மூலம்.

ஓர் இளைஞரும் அவருடைய தோழியும் மோட்டார் சைக்கிளோடு படகிலிருந்து அஸ்ஸென்ஸ் துறையில் இறங்குகிறார்கள். ஃபூன் தீவின் மறுகோடியிலுள்ள நியூபோர் துறையிலிருந்து அடுத்த படகு புறப்படுவதற்குள் அவர்கள் தீவைக் கடந்தாக வேண்டும். அது முடியாது என்று சொல்லப்பட்டும் புறப்படுகிறார்கள். அதன்பிறகு படத்தில் பெரும்பாலும் சாலையும், எஞ்சினின் ஒலியும், ஏறிக்கொண்டே போகும் வேகமானியின் முள்ளும்தான். பேச்சு மிகக் குறைவு. வழியில் பழைய கார் ஒன்று அவர்களுக்கு முன்னால் செல்கிறது. அதை முந்த முயலும்போதெல்லாம் அது குறுக்கே வருகிறது. அதை ஓட்டுகிறவரின் முகம் மண்டையோட்டை ஒத்திருக்கிறது. கடைசியில் தலைப்பு சொல்வது நடந்துவிடுகிறது. அவர்கள் படகைப் பிடித்துவிடுகிறார்கள், ஆனால் இரண்டு சவப்பெட்டிகளாக. டிரெயர் கிரேக்கர்களின் ஓடக்காரரை மனத்தில் வைத்திருக்கிறார்; வைதரணியைக் கேள்விப்பட்ட நமக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

லெத்தின் படத்தோடு இதை ஒப்பிட்டுப் பார்ப்பது பயனுள்ளது. அங்கே இடம் அகற்றப்பட்டது. இங்கே மரங்களும் வளைவுகளும் பெட்ரோல் நிலையமும் கொண்ட உண்மையான சாலை இருக்கிறது. ஆனாலும் வேகம் கூடக்கூட அந்தச் சாலை தன் அடையாளத்தை இழந்து, எந்த ஊருக்கும் சொந்தமில்லாததாகிவிடுகிறது. அறிவுரை சொல்லும் குரலை டிரெயர் சேர்க்கவில்லை என்பதையும் கவனியுங்கள். பிரசாரப் படத்தில் வழக்கமாக வரும் அந்தக் குரல் வந்திருந்தால் அச்சம் போயிருக்கும்.

இந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர் யோர்கன் ரூஸ் என்பதும் குறிப்பிடத்தக்கது. ஓவியர் ஆல்பர்ட் மெர்ட்ஸோடு சேர்ந்து அவர் 1942இல் எடுத்த குறும்படம்தான் டென்மார்க்கில் பரிசோதனைப் படங்களின் தொடக்கமாகப் பொதுவாகக் கருதப்படுகிறது. ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்கீழ் நாடு இருந்த காலத்தில், தப்பியோடும் ஒருவரைப் பற்றி எடுக்கப்பட்ட படம் அது. இளைஞரான ரூஸின் கேமராவை அரசுப் பிரசாரப் படத்துக்குள் கொண்டுவந்த டிரெயருக்கு அப்போது 59 வயது நெருங்கிக்கொண்டிருந்தது.

கேள்வி: எங்கள் திரைப்படச் சங்கத்தில் இந்தப் படங்களைத் திரையிட விரும்புகிறோம். உறுப்பினர்களில் பலர் பரிசோதனைப் படங்களுக்குப் புதியவர்கள். எந்த வரிசையில் காட்டலாம்?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: டிரெயரின் படத்தை முதலில் காட்டுங்கள், கதை இருப்பதால் எல்லோரும் உடன் வருவார்கள். அடுத்து முன்னுரை ஏதும் சொல்லாமல் லெத்தின் குறும்படத்தைத் திரையிட்டு, பேச விடுங்கள். பேச்சு ஓய்ந்ததும் அதே படத்தை ஒலியை அணைத்துவிட்டு மறுபடி காட்டலாம். மொத்தமே 13 நிமிடம் என்பதால் யாரும் கோபித்துக்கொள்ளமாட்டார்கள். அந்தக் குரல் இல்லாதபோது படம் எவ்வளவு மாறிவிடுகிறது என்பதை அவர்களே கண்டுபிடிப்பார்கள். ‘தி ஃபைவ் அப்ஸ்ட்ரக்ஷன்ஸ்’ ஒன்றரை மணி நேரப் படம்; அதை வேறொரு நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள். மும்பைப் பகுதியைப் பற்றிக் காரசாரமாக விவாதம் எழும் என்பதால் அன்று அரங்கைக் கூடுதலாக ஒரு மணி நேரத்துக்குப் பதிவுசெய்வது நல்லது. இந்தப் படத்தின் டிவிடியில் பழைய குறும்படமும் இணைப்பாகக் கிடைக்கிறது. இணையத்திலுள்ள மங்கலான பிரதியைத் தவிர்த்துவிட்டு அதைத் தேடிப்பிடியுங்கள். வெள்ளை வெள்ளையாகத் தெரியாவிட்டால் இந்தப் படத்தைக் காட்டுவதில் பயனில்லை. பொதுத் திரையிடலுக்கு உரிமையாளர்களின் அனுமதி வேண்டும். கோபன்ஹேகனிலுள்ள டேனிஷ் திரைப்படக் கழகத்துக்கு முன்கூட்டியே எழுதி, யாரிடம் அனுமதி பெற வேண்டும் என்று கேட்டுக்கொள்ளுங்கள்.